பென்சிலில் ஒரு எவர்சில்வர் டம்ளர்

கேள்வி: போட்டோ போலவே தெரியும் பென்சில் ஓவியங்களை எப்படி வரைகிறார்கள்? அவ்வளவு பாடுபடுவதற்கு ஒரு போட்டோவே எடுத்துவிடலாமே?

நான் ஓவியம் படித்தவன் இல்லை. ஆறு வருடமாக ஞாயிற்றுக்கிழமைகளில் வரைகிறேன். உருப்படியாக வந்தது எங்கள் வீட்டு எவர்சில்வர் டம்ளர் ஒன்றுதான். அதை வைத்தே சொல்கிறேன்.

முதல் மூன்று தடவையும் அலுமினிய டம்ளர்தான் வந்தது. எவர்சில்வர் என்றால் சாம்பல் நிறம் என்று மனதில் பதிந்திருந்ததால் முழுக்கச் சாம்பலாகத் தேய்த்து வைத்திருந்தேன். உற்றுப் பார்த்தால் அதற்கென்று சொந்த நிறமே கிடையாது. ஜன்னல் ஒரு வெள்ளைப் பட்டை, கதவு ஒரு கறுப்புப் பட்டை, நடுவில் ஈர்க்குச்சி மாதிரி நான். கறுப்பை ஒட்டியே சட்டென்று வெள்ளை வந்தால்தான் பளபளப்பு. இரண்டுக்கும் நடுவே பஞ்சால் தேய்த்து மழுப்பினால் போச்சு.

அந்தக் கறுப்பைக் கொண்டுவருவதுதான் பெரும்பாடு. பென்சில் முனை, கிராஃபைட்டையும் களிமண்ணையும் கலந்து சுட்டது. 1795-ல் பிரான்சில் கான்டே என்பவர் கண்டுபிடித்த முறை. களிமண் கூடினால் பென்சில் மேல் எச் என்று போட்டிருக்கும் கடினமான வகை, கிராஃபைட் கூடினால் பி என்று போட்டிருக்கும் கறுப்பான வகை. சரி, நல்ல கறுப்பான 8பி-யை அழுத்தித் தேய்த்தால் முடிந்தது என்றுதான் நானும் நினைத்தேன். ஆனால் கிராஃபைட்டே மினுங்கும் பொருள். அழுத்த அழுத்த வெளிச்சம் பட்டு மறுபடி சாம்பலாகவே தெரியும். அதனால் நல்ல இருட்டுக்குக் கரிப் பென்சில். அதையும் முதலிலேயே போட்டுவிட வேண்டும். கிராஃபைட் ஏறிய இடத்தில் கரி வழுக்கும்.

மற்றபடி வழவழப்பான தாள், வியர்வை படாமல் கைக்கு அடியில் இன்னொரு தாள், அப்புறம் 40 மணி நேரம். வீட்டில் திட்டு தனி.

டம்ளரில் ஆச்சியின் பெயர் புள்ளி புள்ளியாக வெட்டியிருக்கும். கிராஃபைட் மேல் வெள்ளைப் பென்சில் எடுபடாது. ஆகவே நிழல் போடுவதற்கு முன்பே, மை தீர்ந்த பால்பாயின்ட் பேனாவால் ஒவ்வொரு புள்ளியாகத் தாளில் அழுத்தி வைத்தேன். பிறகு பென்சிலைச் சாய்த்துப் பிடித்துத் தேய்த்தால் குழிக்குள் கிராஃபைட் இறங்காது, புள்ளிகள் வெள்ளையாக நிற்கும். அது பலித்த அன்று சாப்பிடக்கூட எழவில்லை.

போட்டோ விஷயத்துக்கு வருகிறேன். எங்களில் பலர் போட்டோவைப் பார்த்துத்தான் வரைகிறோம். லாட்வியாவில் பிறந்த அமெரிக்க ஓவியர் விஜா செல்மின்ஸ் 1960-களின் கடைசியில் கடலைப் பென்சிலால் வரைய ஆரம்பித்தார். கரையும் இல்லை, வானமும் இல்லை, தாள் முழுக்க அலைகள். அவரும் தானே எடுத்த போட்டோக்களை வைத்துத்தான் வரைந்தார். போட்டோவை எடுத்துவிட்டு நகர்ந்துவிடலாம். வரையும்போது ஒவ்வொரு அலையையும் பார்த்தே ஆக வேண்டும்.

இருபது வருடம் அந்த டம்ளரில் காபி குடித்திருக்கிறேன். ஆச்சி பெயரில் ஒரு மெய்யெழுத்துக்கு மேலே புள்ளியே இல்லை என்பது வரையும்போதுதான் கண்ணில் பட்டது. அப்படியே வரைந்தேன். இப்போது படத்தைப் பார்க்கிறவர்கள் எல்லாம், "அருமை, ஆனா ஒரு புள்ளியை விட்டுட்டீங்களே" என்கிறார்கள். விட்டது நான் இல்லை, அந்தக் காலத்தில் பெயர் வெட்டிக் கொடுத்த பாத்திரக்கடைக்காரர்.