சென்னை பிடித்த ஐந்து, காவலூர் பிடித்த ராமானுஜன்

கேள்வி: இந்தியாவில் முதலில் கண்டுபிடிக்கப்பட்ட சிறுகோள், காவலூர் வானாய்வகத்தில் கண்ட 'ராமானுஜன்' தானே?

இல்லை. நூறு ஆண்டுகளுக்கும் முன்பே சென்னை முந்திக்கொண்டது. நுங்கம்பாக்கத்தில் இருந்த மெட்ராஸ் வானாய்வகத்தில் ஆங்கிலேய வானியலாளர் நார்மன் போக்சன் 1861 ஏப்ரல் 17 அன்று ஒரு சிறுகோளைக் கண்டார். ஆசியக் கண்டத்திலிருந்து கண்டறியப்பட்ட முதலாவது என்பதால் அதற்கு 'ஏசியா' என்றே பெயர் வைத்தார். வரிசை எண் 67. அடுத்து சாஃபோ (1864), சில்வியா (1866), கமில்லா (1868), வீரா (1885).

சிறுகோள் தேட அப்போது புகைப்படம் வந்திருக்கவில்லை. நட்சத்திர வரைபடத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, அதில் இல்லாத புள்ளி வானில் தெரிகிறதா என்று கண்ணாலேயே துழாவ வேண்டும். தெரிந்தாலும் போதாது, அடுத்தடுத்த இரவுகளில் அது இடம்பெயர்கிறதா என்று பார்க்க வேண்டும். இடையில் மேகம் வந்தால் போச்சு! போக்சன் கண்ட சில்வியாவுக்கு இரண்டு துணைக்கோள்கள் உண்டு என்று 2005-ல் அறிவித்தார்கள். இரட்டைத் துணையோடு முதன்முதலில் அறியப்பட்ட சிறுகோள் அதுதான். நம் ஊரில் இதை அதிகம் பேர் சொல்லிக் கேட்டதில்லை என்பது என் ஆதங்கம்.

கேள்வி: அப்படியானால் காவலூரின் பெருமை என்ன?

வீராவுக்குப் பின் இந்தியாவில் விழுந்த நீண்ட இடைவெளியை உடைத்தது. ஜவ்வாது மலையில் உள்ள காவலூரில், ஆர். ராஜமோகன் தலைமையில் 'கல்கி' என்ற தேடல் திட்டம் நடந்தது. பரந்த வானப்பரப்பை ஒரே படத்தில் அடக்கும் ஷ்மிட் தொலைநோக்கிதான் கருவி. 1988 பிப்ரவரி 17 அன்று சிக்கியதுதான் 4130 ராமானுஜன். கணிதமேதையின் பெயர்தான். பட்டாழி (5178), பட்டாச்சார்யா (8348) ஆகியவையும் காவலூர் கண்டவையே.

கேள்வி: ராமானுஜனை '1988 டிகியூ1' என்றும் எழுதுகிறார்களே?

அது தற்காலிகப் பெயர். ஒவ்வொரு மாதத்தையும் இரண்டாக வெட்டி ஆங்கில எழுத்து தருவார்கள்: ஜனவரி முதல் பாதி ஏ, இரண்டாம் பாதி பி. அந்தக் கணக்கில் 'டி' பிப்ரவரியின் பின்பாதி. அடுத்த எழுத்து அந்தப் பாதியில் எத்தனையாவது என்பதைச் சொல்லும். 'ஐ' எழுத்தை விட்டுவிடுவதால் ஒரு சுற்றுக்கு 25. 'கியூ' 16-வது, கூடவே உள்ள 1, ஒரு சுற்று முடிந்ததைக் குறிக்கிறது. 25-ம் 16-ம் சேர்ந்து 41. சுற்றுப்பாதை உறுதியான பிறகே நிரந்தர எண், அதன் பின்தான் பெயர்.

கேள்வி: பணம் கட்டினால் என் மகள் பெயரைச் சிறுகோளுக்கு வைக்க முடியுமா?

முடியாது. பெயரை முன்மொழிவது கண்டுபிடித்தவர், ஏற்பது சர்வதேச வானியல் ஒன்றியம். விற்பனைக்கு இடமே இல்லை.

கேள்வி: ஏசியாவை வெறுங்கண்ணால் பார்க்கலாமா?

தொலைநோக்கி வேண்டும். வெறுங்கண்ணுக்கு எட்டக்கூடியது வெஸ்டா என்ற சிறுகோள். அதுவும் பூமிக்கு அருகில் வரும் காலத்தில், நல்ல இருட்டில்.