பிரிந்த காதலின் நினைவு ஏன் இன்றும் ஆட்டிவைக்கிறது?

நாம் தேடாமலே, ஒரு பாட்டோ வாசனையோ பட்டதும் தானாக எழும் நினைவு இது. காதல் முடிந்து பல வருடமானாலும் வரும்.

உணர்ச்சி கூடிய நேரங்களை மூளை ஆழமாகப் பதித்துக்கொள்கிறது. 2010இல் அமெரிக்க மானிடவியல் ஆய்வாளர் ஹெலன் ஃபிஷர் குழுவினர், காதலில் கைவிடப்பட்ட 15 பேரின் மூளையை ஸ்கேன் செய்தார்கள். முன்னாள் துணையின் படத்தைப் பார்த்ததும், போதைக்கான ஏக்கத்தோடு தொடர்புள்ள பகுதிகள் இயங்கின. 'மனசு பலவீனம்' என்று சும்மா ஒதுக்கிவிட முடியாது, பாருங்கள்.

அப்புறம், வாய்வழிக் கதை மாதிரி நினைவும் சொல்லச் சொல்ல மாறும். சண்டைகள் உதிர்ந்து, நல்ல பொழுதுகள் மெருகேறும். அதோடு ஒப்பிட்டால் இன்றைய நாள் மங்கலாகத்தான் தெரியும்.

நினைவு வந்தாலே காதல் இன்னும் தீரவில்லை என்று பலர் பயப்படுகிறார்கள். இப்போதைய துணையை மனதார நேசிப்பவர்களுக்கும் அது வரும்.