63 கையெழுத்தோடு ஒரு குற்றப்பிரேரணை

கேள்வி: பொலிஸ் மா அதிபரையே பாராளுமன்றத்தில் கை உயர்த்தி வீட்டுக்கு அனுப்பினார்கள். எங்கள் பகுதி அலுவலகம் ஒன்றில் ஒரு அதிகாரி, ஒழுங்கை வடிகால் துப்புரவுக்கு வந்த காசு எங்கே என்று கேட்டால் கதிரையை விட்டு எழும்பிப் போகிறார். ஊரில் 63 பேர் கையெழுத்து வைத்த தாளை இணைத்திருக்கிறேன். இவருக்கு எதிராகப் பதவி நீக்கத் தீர்மானம் கொண்டுவர வழி என்ன? அமெரிக்காவில் ட்ரம்பை இரண்டு தரம் பதவி நீக்கியும் அவர் திரும்பி வந்தது எப்படி?
(ஒரு வாசகர், கோண்டாவில்)

பதில்: ட்ரம்பை யாரும் பதவி நீக்கவில்லை ஐயா. நீங்கள் சென்னைத் தொலைக்காட்சி பார்க்கிறவர் போலிருக்கிறது, அங்கேதான் இம்பீச்மென்ட் என்று காதில் விழுந்தவுடன் ‘பதவி நீக்கம்’ என்று கொட்டை எழுத்தில் போட்டுவிடுவார்கள். எங்கள் பத்திரிகைகளில் பழகிய ‘குற்றப்பிரேரணை’ இந்த விஷயத்தில் நேர்மையான சொல். குற்றம் சாட்டுகிறார்கள், அவ்வளவுதான், தீர்ப்பு பிறகு. அங்கே பிரதிநிதிகள் சபை சாதாரண பெரும்பான்மையோடு குற்றம் சாட்டும், செனற் சபை விசாரிக்கும், அதில் மூன்றில் இரண்டு பங்கு ‘குற்றவாளி’ என்றால்தான் ஆள் வெளியே. 2021 இல் 57 பேர் குற்றவாளி என்றார்கள், 43 பேர் இல்லை என்றார்கள், தேவை 67. முடிந்தது கதை. 1868 இல் அன்ட்ரூ ஜோன்சன் தப்பியது ஒரே ஒரு வாக்கில். நிக்சன் தனக்கு எதிரான தலைகளை எண்ணிப் பார்த்துவிட்டு, வாக்கெடுப்புக்கு முன்பே 1974 ஓகஸ்டில் தானாக எழும்பிப் போனார். இந்த வழியால் பதவி இழந்த அமெரிக்க ஜனாதிபதி இன்றுவரை ஒருவரும் இல்லை. நீதிபதிகள் இருக்கிறார்கள். இதை மனதில் வைத்திருங்கள், எங்கள் நாட்டுக் கதையிலும் இதுதான் வரப்போகிறது.

விதை போட்டது இங்கிலாந்து. 1376 இல் அரசனுக்கு நெருக்கமான லற்றிமர் பிரபு மீது மக்கள் சபை குற்றம் சாட்ட, பிரபுக்கள் சபை தீர்ப்புச் சொன்னது. அரசனைத் தொட முடியாது, அவனுடைய ஆளைத் தொடலாம் என்பதுதான் இதன் அடி யோசனை. வங்காளத்தில் ஆளுநர் நாயகமாக இருந்த வாரன் ஹேஸ்டிங்ஸ் மீதான விசாரணை 1788 இல் தொடங்கி 1795 வரை இழுபட்டது, ஏழு வருஷம், கடைசியில் விடுதலை. 1806 க்குப் பிறகு இங்கிலாந்துக்காரர் இதைக் கையால் தொடவே இல்லை. எங்கள் காணி வழக்குகளைப் பற்றிக் குறை சொல்கிறவர்கள் ஹேஸ்டிங்ஸை நினைத்து ஆறுதல் அடையலாம்.

சரி, இலங்கைக்கு வருவோம். ஜனாதிபதியை இறக்க என்ன வேண்டும்? முதலில் பாராளுமன்றத்தின் 225 உறுப்பினரில் மூன்றில் இரண்டு பங்கினர் கையெழுத்து வைக்க வேண்டும், அல்லது பாதிப்பேர் வைத்து, விசாரிக்கத் தக்க விஷயம்தான் என்று சபாநாயகர் திருப்திப்பட வேண்டும். அதன்பிறகு 150 வாக்கோடு அது உயர் நீதிமன்றத்துக்குப் போகும். நீதிமன்றம் விசாரித்து, குற்றம் உண்டு என்று அறிக்கை தந்தால் மறுபடியும் 150 வாக்கு. ஒரு பிரதம நீதியரசரை இறக்க என்ன வேண்டும்? 75 கையெழுத்து, பாராளுமன்றத் தெரிவுக்குழு ஒன்று, பிறகு 113 வாக்கு, மிச்சத்தை ஜனாதிபதி பார்த்துக்கொள்வார். வித்தியாசம் விளங்குகிறதா? ஜனாதிபதியை நீதிபதிகள் விசாரிப்பார்கள். நீதிபதியையோ குற்றம் சாட்டிய சபையே விசாரிக்கும், அதுவும் பெரும்பான்மைக் கட்சியின் ஆட்கள் கூடுதலாக இருக்கிற குழுவில். இந்தச் சட்டத்தின் முழுச் சூட்சுமமும் இங்கேதான் இருக்கிறது, இதைக் கேட்காமல் எத்தனை வாக்கு விழுந்தது என்று மட்டும் கேட்பது, நெல்லைப் பார்க்காமல் சாக்கை எண்ணுகிற வேலை.

1991 இல் ஜனாதிபதி பிரேமதாசவுக்கு எதிராக அவருடைய கட்சிக்காரரான லலித் அத்துலத்முதலியும் காமினி திஸாநாயக்கவும் கையெழுத்துச் சேர்த்தார்கள், சபாநாயகர் எம்.எச்.மொஹமட் பிரேரணையை ஏற்றும்கொண்டார். அப்படி ஏற்றுக்கொண்ட பிறகு ஜனாதிபதியால் பாராளுமன்றத்தைக் கலைக்க முடியாது, ஒத்திவைக்கலாம். ஒத்திவைத்தார். அந்த இடைவெளியில் கையெழுத்துகள் ஒவ்வொன்றாகக் கரைந்தன, செல்லுபடியான கையெழுத்துப் போதாது என்று ஒக்டோபரில் சபாநாயகரே பிரேரணையைத் தள்ளிவிட்டார். உயர் நீதிமன்ற வாசலைக்கூட அது மிதிக்கவில்லை. 2022 இல் கோட்டாபய போனதும் இந்த வழியால் இல்லை, மக்கள் மாளிகைக்குள் நுழைந்ததால் விமானம் ஏறிப் போய் வெளிநாட்டிலிருந்து விலகினார்.

பிரதம நீதியரசர் ஷிராணி பண்டாரநாயக்கவின் கதை வேறு, அதை யாழ்ப்பாணத்தில் இருந்து பார்க்கிற எங்களுக்குக் கூடுதலாக உறைக்க வேண்டும். 2012 இல் திவிநெகும சட்டமூலம் வருகிறது, மாகாண சபைகளின் அதிகாரத்துக்குள் கொழும்பு கை வைக்கிற சட்டமூலம். மற்ற மாகாண சபைகள் சம்மதித்துவிட்டன, வடக்கில் சபையே இல்லை, தேர்தல் நடந்தது 2013 செப்டெம்பரில்தான். அப்படியானால் ஆளுநரிடம் ஒரு சம்மதம் வாங்கினால் போதுமே என்றது அரசாங்கம். தமிழரசுக் கட்சியின் மாவை சேனாதிராசா வழக்குப் போட்டார். ஆளுநரின் சம்மதம் சபையின் சம்மதம் ஆகாது என்றது பிரதம நீதியரசர் தலைமையிலான அமர்வு. இந்த வழக்குகளின் சூடு ஆறுமுன், 117 பேரின் கையெழுத்தோடு 14 குற்றச்சாட்டுகள் சபாநாயகரிடம் போய்விட்டன. தெரிவுக்குழுவில் 11 பேர், அதில் 7 பேர் ஆளும்கட்சி. பிரதம நீதியரசர் நடுவில் எழும்பி வெளியே போனார், அடுத்த நாள் சம்பந்தன் உட்பட எதிர்க்கட்சி உறுப்பினர் நால்வரும் போனார்கள், மிஞ்சிய ஏழு பேரும் இருந்து குற்றவாளி என்று எழுதிக்கொடுத்தார்கள். இப்படிக் குற்றம் தீர்க்கும் அதிகாரத்தைச் சட்டத்தால்தான் கொடுக்கலாம், பாராளுமன்றம் தனக்குத் தானே வகுத்துக்கொள்ளும் விதியான நிலையியற் கட்டளையால் கொடுக்க முடியாது என்று 2013 ஜனவரி 1 இல் உயர் நீதிமன்றம் சொன்னது. யார் கேட்டார்கள்? 11 ஆம் திகதி 155 க்கு 49, இரண்டு நாளில் ஜனாதிபதியின் கட்டளை, 15 ஆம் திகதி புதியவர் பதவியேற்பு. 2015 இல் ஆட்சி மாறியதும் அந்த நீக்கமே செல்லாது என்று அவரைத் திருப்பி அழைத்தார்கள். அம்மா ஜனவரி 28 இல் வந்தார், 29 இல் ஓய்வுபெற்றார், 30 இல் கனகசபாபதி ஸ்ரீபவன் பிரதம நீதியரசரானார். எங்கட ஆள் வந்துவிட்டார் என்று இங்கே எல்லோரும் மகிழ்ந்தோம், சரிதான், ஆனால் அந்த அம்மாவின் கதிரை ஆடத் தொடங்கியது வடக்குக்கு ஒரு சபை இல்லாத காலத்து வழக்கொன்றை ஒட்டித்தான் என்பதை அன்று ஞாபகம் வைத்தவர்கள் குறைவு.

நீங்கள் சொன்ன பொலிஸ் மா அதிபர் தேசபந்து தென்னக்கோனின் கதை இந்த இரண்டுக்கும் நடுவில். பொலிஸ் மா அதிபருக்கும் சட்டமா அதிபருக்கும் என்று 2002 இல் தனியாக ஒரு சட்டம் செய்தார்கள், விசாரிப்பது உயர் நீதிமன்ற நீதியரசர் ஒருவரின் தலைமையிலான மூவர் குழு, வாக்கு அதற்குப் பிறகு. 2025 ஓகஸ்ட் 5 இல் 177 பேர் ஆதரவு, எதிர்த்து ஒருவரும் இல்லை. அந்தச் சட்டத்தின் கீழ் ஒருவர் பதவி இழந்தது அதுவே முதல் தடவை. ஆளும்கட்சிக்கு 159 ஆசனம் இருந்த சபை என்பதும் உண்மைதான், ஆனாலும் விசாரித்தவர்கள் அந்த 159 பேரில் யாரும் இல்லை, எதிர்க்கட்சிக்காரரும் கை உயர்த்தியது அதனால்தான் என்று நினைக்கிறேன்.

இனி உங்கள் வடிகால் அதிகாரி. அவருக்குக் குற்றப்பிரேரணை கிடையாது ஐயா, அந்த மரியாதைக்கு அவர் இன்னும் எவ்வளவோ ஏணி ஏற வேண்டும். அவர் மாகாண அரச ஊழியர் என்றால் மாகாணப் பொதுச்சேவை ஆணைக்குழு, மத்திய அரசின் ஆள் என்றால் கொழும்பில் உள்ள ஆணைக்குழு. முறைப்பாடு, ஒழுக்காற்று விசாரணை என்று ஆறுதலாகப் போகும், இடையில் இடமாற்றம் வாங்கிக்கொண்டு அவர் மன்னாருக்குப் போய் அங்கே யாராவது கேட்டால் கதிரையை விட்டு எழும்பவும் கூடும். காசு கைமாறியதற்குச் சாட்சி இருந்தால் இலஞ்ச ஊழல் ஆணைக்குழுவின் 1954 இலக்கத்துக்கு அழையுங்கள். சாட்சி இல்லை, சந்தேகம் மட்டும்தான் என்றால் முதலில் 2016 ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி அந்த அலுவலகத்தின் தகவல் அதிகாரிக்கு ஒரு விண்ணப்பம் கொடுங்கள்: எவ்வளவு காசு வந்தது, எந்தத் திகதி, யாருக்குக் கொடுத்தது, பற்றுச்சீட்டின் பிரதி. தருகிறோமா இல்லையா என்று 14 வேலை நாளுக்குள் அவர்கள் சொல்லியாக வேண்டும். இதற்கு 63 பேர் தேவையில்லை, ஒரு ஆள் போதும். உங்கள் தாளைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன், பின்பக்கம் வெறுமையாகத்தான் இருக்கிறது, விண்ணப்பத்தை அதிலேயே எழுதிப் பார்க்கலாம்.