காலுறை இல்லாத ஜெர்ரி

அன்புள்ள ஆசிரியருக்கு,

சென்ற வாரக் கட்டுரையில் அமெரிக்காவின் கான்சாஸ் மாநிலத்து விவசாயி ஜெர்ரி சிம்ப்சனை ஒரே வரியில் சொல்லிவிட்டுப் போய்விட்டீர்கள். தேடிப் பார்த்தேன். எங்கே போனாலும் 'காலுறை இல்லாத ஜெர்ரி' என்ற பட்டப்பெயர்தான் முதலில் வருகிறது. ஏழை வேஷம் போட்டு ஓட்டு வாங்கியவர் என்றே எனக்குத் தோன்றியது. அவரை ஏன் மதிக்கிறீர்கள்?

கு.

அன்புள்ள கு.,

அந்தப் பெயர் அவர் வைத்துக்கொண்டது இல்லை. 1890ல் அமெரிக்க நாடாளுமன்றத்தின் கீழவைக்கு நடந்த தேர்தலில் அவரை எதிர்த்து நின்றவர் ஜேம்ஸ் ஹாலோவெல், குடியரசுக் கட்சிக்காரர், வழக்கறிஞர், மிடுக்காக உடுத்துபவர். அவருடைய பட்டுக் காலுறையை சிம்ப்சன் மேடையில் கிண்டலடித்தார். உடனே எதிர்த்தரப்பு நிருபர் ஒருவர், சிம்ப்சனுக்குக் காலுறையே கிடையாது என்று எழுதிவிட்டார். அவமானப்படுத்தத்தான் எழுதினார், ஆனால் அதைப் படித்தவர்கள் யார் என்று பாருங்கள். நிலத்தை அடமானம் வைத்துக் கடன் வாங்கி, 1887 வறட்சியில் விளைச்சலைப் பறிகொடுத்து, அப்புறம் நல்ல விளைச்சல் வந்த வருஷம் மக்காச்சோளத்துக்கு விலையே இல்லாமல், நிலக்கரி வாங்குவதைவிட மலிவு என்று அந்தச் சோளத்தையே அடுப்பில் போட்டு எரித்தவர்கள். 1889க்கும் 1893க்கும் இடையில் கான்சாஸில் 11,000க்கும் மேற்பட்ட பண்ணைகள் கடனுக்காகப் பறிபோயின. காலுறை இல்லை என்பது அவர்களுக்குத் தங்கள் வீட்டுக் கதை.

வேஷம் போட அவருக்கு அவசியமும் இல்லை. 1842ல் கனடாவின் நியூ பிரன்ஸ்விக்கில் பிறந்தவர். சிறு வயதிலேயே அமெரிக்கப் பேரேரிகளில் கப்பல் வேலைக்குப் போய், சுமார் இருபது வருஷம் அதிலேயே இருந்து கேப்டன் வரை உயர்ந்தவர். அதன் பிறகுதான் கான்சாஸ், விவசாயம், மெடிசின் லாட்ஜ் பக்கம் மாட்டுப் பண்ணை. சேமிப்பெல்லாம் மாட்டில் போட்டிருந்தார், ஒரு கொடும் பனிக்காலம் மந்தையை அழித்துவிட்டது. வேட்பாளராக நின்றபோது அந்தச் சிற்றூரின் காவல் அதிகாரியாகச் சம்பளத்துக்கு வேலை பார்த்துக்கொண்டிருந்தார்.

சரி, பட்டப்பெயரை அவர் பயன்படுத்திக்கொள்ளவில்லையா என்றால், பயன்படுத்திக்கொண்டார். ஆனால் விவசாயிகளின் அமைப்பான உழவர் கூட்டணியும் சிம்ப்சனின் மக்கள் கட்சியும் அந்த வருஷம் கீழவையில் கான்சாஸுக்கு இருந்த ஏழு இடங்களில் சிம்ப்சனுடையது உட்பட ஐந்தைப் பிடித்தது ஒரு காலுறைக் கதையால் இல்லை. ஊர் ஊராகப் பள்ளிக்கூடக் கட்டடங்களில் கூடி வட்டி, ரயில் கட்டணம், பணப்புழக்கம் என்று மணிக்கணக்கில் விவாதித்த விவசாயிகளால்தான் அது நடந்தது.

எனக்கு அவரிடம் மிகவும் பிடித்தது 1892ல் நடந்த ஒன்று. நிலத்துக்கு மட்டும் வரி போட்டால் போதும் என்று வாதிட்ட ஹென்றி ஜார்ஜின் மேல் சிம்ப்சனுக்குப் பெரிய பற்று. சிம்ப்சன் உட்பட ஆறு உறுப்பினர்கள் ஜார்ஜின் ஒரு முழுப் புத்தகத்தையும் ஆளுக்கொரு பகுதியாகப் பிரித்துத் தங்கள் உரைகளாக அவைப் பதிவேட்டில் ஏற்றிவிட்டார்கள். பதிவேட்டில் ஏறியதை உறுப்பினர்கள் தபால் செலவில்லாமல் அனுப்பலாம் என்பது விதி. லட்சக்கணக்கான பிரதிகள் போயின. பள்ளிப் படிப்பு அதிகம் இல்லாதவர், பட்டிக்காட்டான் என்று பத்திரிகைகள் சிரித்த ஒருவர், அவையின் விதியைக் கொண்டே ஒரு புத்தகத்தை வீடு வீடாக அனுப்பியதில் பங்கெடுத்திருக்கிறார். இதைப் பட்டப்பெயருக்கு முன்னால் சொல்லியிருக்க வேண்டும், அந்த ஒரு வரியில் நானும் சொல்லாமல் விட்டது தவறு.

தோற்றதும் நிறைய. தானியத்தை அரசுக் கிடங்கில் வைத்து, அதன் மதிப்பில் 80 சதவீதம் வரை கடன் தர வேண்டும் என்ற உழவர் கூட்டணியின் திட்டம் அப்போது சட்டமாகவில்லை. 1894ல் தோற்றார், 1896ல் மறுபடி ஜெயித்தார், 1898ல் மறுபடி தோற்றார். பிறகு நியூ மெக்சிகோ போய்விட்டார். 1905ல் விச்சிட்டாவில் இறந்தார். மேலவை உறுப்பினர்களான செனட்டர்களை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று அவருடைய கட்சி 1892லேயே கேட்டது, அது அரசியல் சட்டத்தில் ஏறியது 1913ல்.