தோளுக்கு வந்த துண்டு

அன்புள்ள ஐயா,
கீழத்தஞ்சைப் பண்ணையாள் போராட்டத்தைப் படமாக்கத் திரைக்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். விவசாயச் சங்கத்தைக் கட்டிய கம்யூனிஸ்ட் தலைவர் பி. சீனிவாசராவ்தான் நாயகன். பண்ணையாட்களுக்குத் தண்டனையாகக் கொடுத்த சவுக்கடி, கரைத்துக் குடிக்கவைத்த சாணிப்பாலில் தொடங்கி வெண்மணித் தீயில் முடிகிறது. தயாரிப்பாளருக்குப் பிடித்துவிட்டது, எனக்குத்தான் ஏதோ உறுத்துகிறது.
ஓர் உதவி இயக்குநர், திருத்துறைப்பூண்டி

அன்புள்ள தம்பி,

உறுத்தத்தான் வேண்டும். அடியில் தொடங்கி நெருப்பில் முடித்தால் பார்க்கிறவர் அழுதுவிட்டு எழுந்து போவார், நடுவில் அந்த ஜனங்கள் ஜெயித்ததே அவருக்குத் தெரியாது. சவுக்கையும் சாணிப்பாலையும் நிறுத்தவைத்தார்கள், 1952-ல் தஞ்சாவூர் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டத்தையே வரவைத்தார்கள். படம் அதுதான்.

எங்கள் ஊரில் ஒரு தாத்தா இருந்தார். மிராசுதார் எதிரே வந்தால் தோள் துண்டு இடுப்புக்கு வந்துவிட வேண்டும் என்றிருந்த காலத்தில், விவசாயச் சங்கத்தில் சேர்ந்த மறுநாள் களத்துமேட்டில் துண்டை எடுக்காமல் நின்றாராம். அதைச் சொல்லும்போதெல்லாம், எண்பது வயதிலும், கை தானாகத் தோளுக்குப் போகும், துண்டு இருக்கிறதா என்று தடவிப் பார்த்துக்கொள்வார். நான் எடுத்தால் கேமராவை அந்தக் கையை விட்டு நகர்த்தமாட்டேன்.

சீனிவாசராவ் பெரிய மனிதர், சந்தேகமே இல்லை. தென் கன்னடத்தில் பிறந்து 1943-ல் இங்கே வந்து சேரியிலேயே தங்கி, அடித்தால் திருப்பி அடி என்று சொல்லிக்கொடுத்தவர். ஆனால் சொன்னவர் ஒருவர், திருப்பி நின்றவர்கள் ஆயிரக்கணக்கானவர்கள், அதில் நடவுக்குப் போன பெண்கள் எத்தனை பேர்! அவர்களைக் கூட்டத்தில் கொடி பிடிக்க மட்டும் நிறுத்திவிடாதீர்கள்.

வெண்மணி தனிப் படம். அரைப்படி நெல் கூலி உயர்வும் செங்கொடியை இறக்க மறுத்ததும் காரணமாகி, 1968 டிசம்பர் 25 இரவில் ஒரே குடிசைக்குள் 44 பேரை எரித்துக் கொன்றார்கள். அதை எடுத்தால் தீயோடு நிறுத்தாதீர்கள், குற்றம் சாட்டப்பட்ட நிலக்காரர்களை 1973-ல் உயர் நீதிமன்றம் விடுவித்தது வரை போங்கள்.

அப்புறம் வயல். இன்றைய குட்டை ரகத்தில், அறுவடை இயந்திரம் ஓடின தடம் தெரிய, 1940-களை எடுத்தால் டெல்டாக்காரன் பத்து நிமிஷத்தில் கண்டுபிடித்துவிடுவான். பழைய நெல் ரகமான மாப்பிள்ளைச் சம்பா ஆளுயரம் வளரும், 160 நாள் பயிர். பாரம்பரிய நெல் ரகங்களைக் காத்த நெல் ஜெயராமன் நெல் திருவிழா நடத்திய ஆதிரெங்கம் உங்கள் ஊர்ப் பக்கம்தானே, விதை கேட்டுப் பாருங்கள். ஆவணியில் விதைத்தால் தைக் கடைசியில் அறுக்கலாம். அரிவாள் பிடிக்கத் தெரிந்த பெண்களை இப்போதே பார்த்துப் பேசிவையுங்கள். திரைக்கதையைத் திருத்த அதுவரை நேரம் இருக்கிறது.