பாடப்புத்தகத்து உளவியல் பென்னாகரம் வீட்டுத் திண்ணையில் எப்படிப் பயன்படும்?

கேள்வி: எம்.எஸ்.டபிள்யூ. (சமூகப்பணி முதுகலை) முடித்துவிட்டு, பென்னாகரம் பக்கம் குழந்தைகள் நலனுக்காக இயங்கும் ஒரு தொண்டு நிறுவனத்தில் களப்பணியாளராக இருக்கிறேன். பத்தாம் வகுப்பு முடித்த ஒரு பெண்ணுக்குத் தாய்மாமனோடு நடக்கவிருந்த திருமணத்தைச் சமீபத்தில் அதிகாரிகள் வந்து நிறுத்தினார்கள். அதன் பிறகு நான் வீட்டுக்குப் போனால் அந்தப் பெண் வாயே திறப்பதில்லை. அப்பா தினமும் குடிக்கிறார். அம்மா பெங்களூரில் கட்டட வேலை செய்கிறார், மாதத்துக்கு ஒருமுறைதான் வருகிறார். கல்லூரியில் ஃப்ராய்டு, எரிக்சன், மாஸ்லோ எல்லாம் படித்துத் தேர்வு எழுதினேன். அந்தப் பெண் எதிரில் உட்காரும்போது எதுவும் கைகொடுக்கவில்லை. எந்த உளவியல் புத்தகங்களைப் படிக்கலாம்? படித்ததை வேலையில் எப்படிப் பயன்படுத்துவது? இந்தக் கேஸ் வந்ததிலிருந்து இரவில் எனக்கே சரியாகத் தூக்கம் வருவதில்லை.
– ஒரு வாசகி, தருமபுரி மாவட்டம்

பதில்: திருமணத்தை நிறுத்தியது சட்டம். நிறுத்திய பிறகு அந்த வீட்டில் நடப்பதுதான் உங்கள் வேலை, உளவியல் தேவைப்படுவதும் அங்கேதான். தேர்வுக்குப் படிக்கும்போது ‘இவருக்கு என்ன கோளாறு?’ என்று கேட்கப் பழகிவிடுகிறோம். களத்தில் முதலில் கேட்க வேண்டியது வேறு: ‘நான் போய் உட்கார்ந்ததும் இங்கே என்ன நடக்கிறது?’ இந்தக் கேள்விக்கு உதவும் புத்தகங்களை முதலில் எடுங்கள். மற்றவை பிறகு வரட்டும்.

ஃபீலிக்ஸ் பீஸ்டெக் 1957-இல் எழுதிய ‘தி கேஸ்வொர்க் ரிலேஷன்ஷிப்’ உங்களுக்குப் பெயரளவில் தெரிந்திருக்கும். பணியாளருக்கும் உதவி பெறுபவருக்கும் உள்ள உறவைப் பற்றிய அதன் ஏழு கொள்கைகளை வரிசை மாறாமல் எழுதினால்தான் மதிப்பெண். புத்தகத்தையே படித்தவர்கள் குறைவு. அவர் அமெரிக்காவில் சேசு சபைப் பாதிரியார், சமூகப்பணி கற்பித்தவர். சிறிய புத்தகம்தான், எளிய ஆங்கிலம். உதவி கேட்டு வரும் மனிதருக்கு உள்ளே என்ன தேவை, பணியாளர் அதற்கு எப்படி ஈடுகொடுக்கிறார், அதை அந்த மனிதர் எப்படி உணர்ந்துகொள்கிறார் என்று ஒவ்வொரு கொள்கையையும் மூன்று கட்டமாகப் பிரித்துப் பார்க்கிறார். பாடக்குறிப்புகளில் விட்டுப்போவது இந்த மூன்றாவது கட்டம். உங்கள் கேஸில் சிக்கலும் அதுதான்.

அந்தப் பெண்ணின் இடத்திலிருந்து பாருங்கள். ஊருக்குள் ஜீப் வந்தது. ஊர் முழுக்கக் கூடி வேடிக்கை பார்த்தது. அவள் கண்ணில், ஜீப்பில் வந்தவர்களில் நீங்களும் ஒருவர். அவள் அந்தக் கல்யாணத்தை விரும்பியிருக்கலாம், விரும்பாமலும் இருந்திருக்கலாம். எப்படியிருந்தாலும் இன்று வீட்டில் ஏச்சு அவளுக்குத்தான் விழுகிறது. இந்த நிலையில் உங்களிடம் வாய் திறக்காமல் இருப்பது ஒரு பதினாறு வயதுப் பெண்ணுக்கு மிகவும் நியாயமான முடிவு. அதை ‘மன அழுத்தம்’ என்று கேஸ் ஷீட்டில் எழுதிவிடாதீர்கள்.

அடுத்த சில சந்திப்புகளில் கல்யாணத்தைப் பற்றி எதுவும் கேட்காதீர்கள். பதினொன்றாம் வகுப்பு சேர்க்கை, மாற்றுச் சான்றிதழ், எந்த நேரத்துக்கு எந்தப் பஸ் என்று அவளுக்கு நேரடியாகப் பயன்படும் ஒரு காரியத்தை அவளோடு சேர்ந்து செய்யுங்கள். பேசத்தான் வேண்டுமென்றால் ஒரு வாக்கியம் போதும்: “கல்யாணத்த நிறுத்தினவங்கள்ல நானும் ஒருத்தின்னு உனக்கு என்மேல கோவம் இருக்கலாம். இருந்தா தப்பில்ல, சொல்லலாம்.” பீஸ்டெக் சொல்லும் ‘உணர்வை வெளியிட இடம் கொடுத்தல்’ இதுதான். “உன் நல்லதுக்குத்தானம்மா பண்ணோம்” என்று நீங்கள் சொன்ன நிமிடம், கோபப்படும் உரிமையையும் அவளிடமிருந்து எடுத்துக்கொண்டீர்கள் என்று அர்த்தம்.

“எங்க பொண்ணு, எங்க இஷ்டம். நீங்க படிச்சதுலயே எங்க முடிவ நாங்கதான் எடுக்கணும்னு இருக்குதாமே” என்று சட்டம் பேசும் உறவினர்களும் நம் ஊரில் உண்டு. தன் முடிவைத் தானே எடுக்கும் உரிமைக்கு எல்லைகள் உண்டு என்று பீஸ்டெக்கே எழுதியிருக்கிறார். அந்த மனிதரின் முடிவெடுக்கும் திறன், நாட்டுச் சட்டம், அறநெறி, நிறுவனத்தின் பணி வரம்பு ஆகியவை அந்த எல்லைகள். 2006-ஆம் ஆண்டுக் குழந்தைத் திருமணத் தடைச் சட்டம் அப்படியொரு எல்லை. அதைத் தயக்கமில்லாமல் சொல்லுங்கள். ஆனால் சட்டத்தைச் சொல்லும் வேலையை மாவட்டச் சமூகநல அலுவலர் செய்யட்டும். நம் மாநிலத்தில் குழந்தைத் திருமணத் தடுப்பு அலுவலர் அவர்தான். மிரட்டும் குரலும் ஆறுதல் குரலும் ஒரே ஆளிடமிருந்து வந்தால் அந்த வீடு உங்களை நம்பாது.

ரகசியம் காப்பதிலும் இதே கவனம் வேண்டும். “நீ என்ன சொன்னாலும் யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்” என்று எந்தக் குழந்தைக்கும் வாக்குக் கொடுக்காதீர்கள். குழந்தைக்குப் பாலியல் வன்முறை நடந்ததாகத் தெரிந்தால் போலீசுக்குத் தெரிவித்தே ஆகவேண்டும் என்பது 2012-ஆம் ஆண்டு போக்சோ சட்டத்தின் 19-ஆவது பிரிவு. மறைத்தால் உங்களுக்கே தண்டனை உண்டு. “உனக்கு ஆபத்துன்னு தெரிஞ்சா மட்டும் நான் சில பேர்கிட்ட சொல்லியாகணும். யார்கிட்ட சொல்றேன்னு உன்கிட்ட முதல்ல சொல்லிட்டுத்தான் செய்வேன்” என்று தொடக்கத்திலேயே பேசிவிடுங்கள். அவள் சொல்லி முடித்த பிறகு இந்த விதியைச் சொல்வது துரோகமாகத்தான் படும்.

அப்பாவிடம் வருவோம். வில்லியம் மில்லரும் ஸ்டீபன் ரோல்னிக்கும் எழுதிய ‘மோட்டிவேஷனல் இன்டர்வியூயிங்’ 1991-இல் முதல் பதிப்பு வந்தது. மில்லர் குடிப்பழக்கம் உள்ளவர்களோடு செய்த வேலையிலிருந்து பிறந்த முறை. பெரிய புத்தகம், மெதுவாகப் படியுங்கள். அதில் எனக்கு மிக முக்கியமாகத் தோன்றுவது, தப்பைக் கண்டதும் திருத்தத் துடிக்கும் நம்முடைய அவசரத்தைப் பற்றி அவர்கள் சொல்வது. நாம் குடிக்கு எதிராக வாதாட வாதாட, எதிரில் இருப்பவர் குடிக்கு ஆதரவாக வாதாட வேண்டியதாகிறது. தன் வாயால் சொன்னதை மனிதர் நம்பத் தொடங்கிவிடுவார். மாற்றத்துக்கான காரணம் அவர் வாயிலிருந்தே வரவேண்டும்.

“குடிச்சு குடிச்சே குடும்பத்த அழிச்சிட்டீங்களேண்ணா” என்றால் அவர் எழுந்து போய்விடுவார், அல்லது தலையைக் குனிந்துகொண்டு எல்லாவற்றுக்கும் சரி என்பார். இரண்டும் ஒன்றுதான். “குடிக்காம இருந்த நாள்னு ஏதாச்சும் ஞாபகம் இருக்குதாண்ணா? அன்னிக்கு எப்படி இருந்துச்சு?” என்று கேட்டுவிட்டுப் பேசாமல் இருங்கள். “மாரியம்மன் பண்டிகைக்குக் காப்புக் கட்டினப்ப குடிக்கல மேடம். பாப்பா கூட உக்காந்து சோறு சாப்ட்டேன்” என்று அவர் சொன்னால், அந்தக் கடைசி வாக்கியத்தை அப்படியே அவருக்குத் திருப்பிச் சொல்லுங்கள். “பாப்பா கூட உக்காந்து சாப்ட்டீங்க.” அறிவுரை எதுவும் சேர்க்காதீர்கள். உங்களுக்குக் கிடைத்த நூலின் நுனி அது.

ஓர் எச்சரிக்கை. தினமும் அதிகமாகக் குடிப்பவரை “இன்னையோட விட்டுடுங்க” என்று சொல்லி வாக்குறுதி வாங்குவது ஆபத்து. உடல் பழகிவிட்ட பிறகு சட்டென்று நிறுத்தினால் கைநடுக்கம், வியர்வை, தூக்கமின்மை வரும். ஓரிரு நாளில் வலிப்பும் வரலாம். இரண்டு மூன்று நாளில் சிலருக்குப் புத்தி தடுமாறி, இல்லாத உருவங்கள் தெரியத் தொடங்கும். இதில் உயிரே போகலாம். கோயிலில் கயிறு கட்டிவிட்டு வந்தவருக்கு இப்படி ஆனால், சாமி குத்தம் என்றோ காத்துகருப்பு என்றோ சொல்லி வீட்டில் வைத்திருப்பார்கள். நிறுத்த விரும்புகிறவரைத் தருமபுரி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்கு அழைத்துப்போய், மருத்துவர் மேற்பார்வையில் நிறுத்த வைப்பதுதான் பாதுகாப்பு.

அம்மாவைப் பற்றி ஒரு வரியில் முடித்திருக்கிறீர்கள். எனக்கு இந்தக் கேஸின் மையமே அவர்தான் என்று படுகிறது. தன்னை வளர்ப்பவரோடு குழந்தைக்கு உண்டாகும் பற்றுணர்வு பற்றி பிரிட்டன் மனநல மருத்துவர் ஜான் பௌல்பி எழுதியதைப் படித்த பல பணியாளர்கள் அதை வைத்துத் தாயைக் குற்றவாளி ஆக்குகிறார்கள். “அம்மா விட்டுட்டுப் போனதால வந்த பிரச்சினை” என்று கேஸ் ஷீட்டில் எழுதுவது எளிது. ஆனால் ஒரு சமூகம் தன் குழந்தைகளை மதிக்கிறது என்றால் அவர்களைப் பெற்றவர்களையும் அது பேண வேண்டும் என்று 1951-இல் உலக சுகாதார நிறுவனத்துக்காகத் தயாரித்த அறிக்கையில் எழுதியவரும் அதே பௌல்பிதான். பென்னாகரத்திலிருந்தும் அஞ்செட்டியிலிருந்தும் பெங்களூருக்கு வேலைக்குப் போகிறவர்களைப் பற்றி எழுதும் முன் அந்த வரியை நினைத்துக்கொள்ளுங்கள்.

பௌல்பியோடு சேர்த்து யூரி பிரான்ஃபென்பிரென்னர் 1979-இல் எழுதிய ‘தி எக்காலஜி ஆஃப் ஹ்யூமன் டெவலப்மென்ட்’ படிக்க வேண்டும். முழுக்க வேண்டாம், முதல் சில அத்தியாயங்கள் போதும். குழந்தை ஒருநாளும் கால் வைக்காத இடம்கூட அதன் வளர்ச்சியைத் தீர்மானிக்கும் என்கிறார். பெங்களூரில் அந்தக் கட்டடம் எங்கே இருக்கிறதென்றே அந்தப் பெண்ணுக்குத் தெரியாது. ஆனால் மேஸ்திரி எப்போது லீவு விடுகிறார், முன்பணத்தில் எவ்வளவு பாக்கி என்பதை வைத்துத்தான் அம்மா வீட்டுக்கு வரும் நாள் அமைகிறது. குடிக்கிற புருஷனோடு வயசுக்கு வந்த பெண்ணைத் தனியாக விட்டுவிட்டுப் போகிற தாய், கல்யாணத்தை ஒரு பாதுகாப்பாக நினைத்திருக்கலாம். தாய்மாமன் என்றால் தன் தம்பி, தன் ஆள். இந்தக் கணக்கு புரியாமல் “சின்ன வயசுக் கல்யாணம் உடம்புக்குக் கெடுதல்” என்று எத்தனை முறை சொன்னாலும் அவர் காதில் ஏறாது. “நீ வந்து காவல் இருப்பியா?” என்று அவர் கேட்டால் உங்களிடம் பதில் இருக்க வேண்டும்.

ஆகவே நோட்டில் நடுவில் அந்தக் குடும்பத்தை ஒரு வட்டமாகப் போட்டு, சுற்றிலும் பள்ளி, பஸ், மகளிர் குழுக் கடன், மேஸ்திரி, பாட்டி வீடு, ஊர் கவுண்டர், டாஸ்மாக், அங்கன்வாடி டீச்சர் எல்லாவற்றையும் வரையுங்கள். ஆன் ஹார்ட்மன் 1970-களில் உருவாக்கிய ‘ஈகோமேப்’ இதுதான். பலம் தரும் உறவுக்குத் தடித்த கோடு, உரசல் உள்ளதற்கு வெட்டுக்கோடு. தனியாக உட்கார்ந்து வரையாமல் அம்மா ஊருக்கு வரும் நாளில் அவரோடு சேர்ந்து வரையுங்கள். கோடு எங்கே மெலிந்திருக்கிறது என்று அவரே காட்டுவார். பெரும்பாலும் விடை, அரசு மாணவியர் விடுதியில் ஓர் இடம் என்று வந்து நிற்கும். அந்த இடத்தை வாங்கிக் கொடுப்பது பத்து முறை கவுன்சிலிங் செய்வதைவிடப் பெரிய மனநலப் பணி. அரசுப் பள்ளியில் ஆறிலிருந்து பன்னிரண்டு வரை படித்துவிட்டு மேற்படிப்புக்குப் போகும் பெண்ணுக்குப் புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாய் அவள் கணக்குக்கே வரும் என்பதையும் அம்மாவிடம் சொல்லுங்கள்.

மாஸ்லோ கைகொடுக்கவில்லை என்று வருந்த வேண்டாம். மனிதத் தேவைகளைப் படிப்படியாக அடுக்கித் தேர்வில் நீங்கள் வரைந்த அந்தப் பிரமிடை அவர் வரையவே இல்லை, பின்னால் வந்தவர்கள் வரைந்தது. 1943-ஆம் ஆண்டுக் கட்டுரையிலேயே, தேவைகள் இந்த வரிசையில்தான் வரும் என்று கறாராகச் சொல்ல முடியாது என்று அவர் எழுதியிருக்கிறார். பட்டினியிலும் மானத்தைப் பெரிதாக நினைக்கும் குடும்பங்களை நீங்கள் தினமும் பார்க்கிறீர்கள்.

பையில் எப்போதும் இருக்க வேண்டிய புத்தகம் ஒன்று உண்டு. விக்ரம் படேல் 2003-இல் எழுதிய ‘வேர் தேர் இஸ் நோ சைக்கியாட்ரிஸ்ட்’. 2018-இல் சார்லட் ஹேன்லனோடு சேர்ந்து இரண்டாம் பதிப்பைக் கொண்டுவந்தார். மனநல மருத்துவர் இல்லாத ஊரில் வேலை செய்கிறவர்களுக்காகவே எழுதியது. நோய்ப் பெயர்களைவிட, தூக்கம் வராதவர், அதிகம் குடிப்பவர், காரணம் தெரியாத உடல்வலியோடு வருபவர் என்று நாம் நேரில் காணும் ஆட்களிலிருந்து தொடங்குகிறது. “நெஞ்சு படபடங்குது”, “ஒடம்பெல்லாம் எரியுது” என்று பல மாதமாக ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு நடக்கும் பெண்களுக்குப் பின்னால் என்ன இருக்கக்கூடும் என்று புரிய வைக்கும். தளி, தேன்கனிக்கோட்டைப் பக்கம் வேலை செய்பவர்களுக்கு ஒரு வார்த்தை: கன்னடமோ தெலுங்கோ வீட்டுமொழியாக உள்ளவரிடம் தமிழில் கேட்டால் தகவல் வரும், துக்கம் வராது. அந்த மொழி தெரிந்த ஒருவரை உடன் அழைத்துப்போங்கள், ஆனால் அவர் அந்த ஊர்க்காரராக இருக்கக் கூடாது.

அந்தப் பெண் விஷயத்தில் அந்தப் புத்தகத்தின் தற்கொலை பற்றிய பகுதியை இந்த வாரமே படித்துவிடுங்கள். பேசாமல் இருக்கும் எல்லோருக்கும் அந்த எண்ணம் இருக்கும் என்பதில்லை. சாப்பாடு குறைந்தாலோ, தூக்கம் கெட்டாலோ, தன் பொருள்களைப் பிறருக்குக் கொடுக்க ஆரம்பித்தாலோ நேராகவே கேளுங்கள்: “செத்துடலாம்னு தோணுதா கண்ணு?” கேட்டால் அந்த எண்ணத்தை நாமே ஊட்டிவிடுவோம் என்ற பயம் தேவையில்லை. ஆம் என்று தலையசைத்தால் அவளைத் தனியாக விடாமல், அன்றே மருத்துவமனைக்கு அழைத்துப்போக வேண்டும். பதில் எதுவாக இருந்தாலும், வீட்டில் பூச்சிமருந்து டப்பா எங்கே இருக்கிறது என்று பார்த்து, பூட்டு போட்ட இடத்துக்கோ வேறு வீட்டுக்கோ மாற்றச் சொல்லுங்கள். விவசாயக் குடும்பத்தில் இது உயிர் காக்கும். அரசின் மனநல ஆலோசனைச் சேவையான டெலி மானஸ் உதவி எண் 14416, குழந்தைகள் உதவி எண் 1098. இரண்டையும் அவள் நோட்டின் பின்னட்டையில் எழுதிக் கொடுங்கள்.

ஜூடித் ஹெர்மனின் ‘ட்ராமா அண்ட் ரிகவரி’ (1992) நல்ல புத்தகம். இப்போதைக்கு அதிலிருந்து ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்: பாதுகாப்பு உறுதியாகும் முன் நடந்ததைச் சொல்லச் சொல்லித் தோண்டக் கூடாது. சுதீர் காக்கரின் ‘தி இன்னர் வேர்ல்ட்’ (1978) இந்தியக் குடும்பத்தின் மனதைப் பற்றியது, ஆர்வமாகப் படிக்கலாம். ஆனால் அதில் வரும் குடும்பம் உங்கள் மாவட்டத்துச் சித்தேரி மலையில் இருக்கும் குடும்பம் இல்லை என்பது நினைவிருக்கட்டும்.

ஆங்கிலம் தடையாக இருந்தால் உங்களைப் போன்ற இரண்டு மூன்று பணியாளர்கள் சேர்ந்து படியுங்கள். ஒருவர் ஓர் அத்தியாயத்தைப் படித்துவிட்டு வந்து, கையில் இருக்கும் ஒரு கேஸோடு பொருத்தித் தமிழில் சொல்லட்டும். கேஸ் இல்லாமல் புத்தகத்தை மட்டும் பேசினால் மறுபடியும் தேர்வுக்குப் படித்த கதைதான்.

உங்கள் தூக்கத்தைப் பற்றிக் கடைசி வரியில் எழுதியிருந்தீர்கள். பீஸ்டெக்கின் ஏழில் ‘கட்டுப்பாடான உணர்வு ஈடுபாடு’ என்று ஒன்று இருக்கிறது. மனதை இறுக்கிக்கொள்ளச் சொல்கிறார் என்று பலர் தவறாக எடுத்துக்கொள்கிறார்கள். அந்தப் பெண்ணின் வலி உங்களைத் தொட வேண்டும், ஆனால் நீங்கள் செய்வது அவள் தேவைக்காக இருக்க வேண்டும், உங்கள் பதற்றம் தணிய வேண்டும் என்பதற்காக இருக்கக் கூடாது. இதைத் தனியாளாகப் பிரித்துப் பார்க்க யாராலும் முடியாது. ஒவ்வொரு விசிட்டுக்குப் பிறகும் பஸ்ஸிலேயே இரண்டு பத்தி எழுதுங்கள்: அவள் என்ன செய்தாள், எனக்கு என்ன தோன்றியது. இரண்டையும் தனித்தனியாக எழுதுவது முக்கியம். பதினைந்து நாளுக்கு ஒருமுறை ஒரு மூத்த பணியாளரோ உங்களுக்குக் கற்பித்த ஆசிரியரோ அந்த நோட்டைப் படித்துவிட்டு உங்களோடு பேச வேண்டும். உங்கள் நிறுவனத்தில் அப்படி ஓர் ஏற்பாடு இல்லையென்றால் எழுத்து மூலம் கேளுங்கள், அது உங்கள் வேலைக்குத் தேவையான வசதி. தூக்கமின்மை இன்னும் இரண்டு வாரம் நீடித்தால் நீங்களும் மருத்துவரைப் பாருங்கள். 14416 களப்பணியாளர்களுக்கும் உள்ள எண்தான்.