“வீட்டுல கொஞ்சம் கவனிங்க” என்றால் என்ன செய்வது?

கேள்வி: திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை பார்க்கிறேன். எட்டாவது வரை படித்திருக்கிறேன். தமிழ் நன்றாக வாசிப்பேன். ஆங்கிலம் எழுத்துக்கூட்டித்தான் வரும். மகன் அரசு நடுநிலைப் பள்ளியில் ஆங்கில வழியில் ஐந்தாவது படிக்கிறான். பள்ளிக்குப் போகும்போதெல்லாம், “பையன் பின்தங்கி இருக்கான், வீட்டுல கொஞ்சம் கவனிங்க” என்கிறார் டீச்சர். காலை எட்டரைக்குப் போனால் ஒன்றரை ஷிப்ட் முடித்து வீடு வர இரவு ஒன்பது ஆகிவிடும். கணவர் லாரி ஓட்டுகிறார், வாரத்தில் இரண்டு நாள்தான் வீட்டில் இருப்பார். டியூஷன் வைத்திருக்கிறோம். எனக்கே தெரியாத பாடத்தை நான் எப்படிக் கவனிப்பது? தமிழ் வழிக்கு மாற்றிவிடலாமா?

பதில்: முதலில் ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். தொடக்கப் பள்ளி ஆசிரியராக இருந்த முதல் சில ஆண்டுகளில் நானும் இதே வார்த்தையை நூற்றுக்கணக்கான அம்மாக்களிடம் சொல்லியிருக்கிறேன். எதைக் கவனிப்பது, எப்படிக் கவனிப்பது என்று ஒருவரிடமும் விளக்கிச் சொன்னதில்லை. அவர்களும் தலையாட்டிவிட்டுப் போவார்கள். வீட்டுக்குப் போனதும் பிள்ளைக்குத் திட்டு விழும், சில வீடுகளில் அடியும் விழும். அந்த ஒரு வார்த்தையைத்தான் உங்களுக்கு இப்போது பிரித்துச் சொல்லப் பார்க்கிறேன்.

பாடம் நடத்துவது பள்ளியின் வேலை. அதை நீங்கள் தலையில் தூக்கிக்கொள்ள வேண்டாம். பையன் இப்போது எந்தப் படியில் நிற்கிறான் என்று தெரிந்துகொள்வதும், தினமும் கொஞ்ச நேரம் அவன் வாசிப்பதைக் காதுகொடுத்துக் கேட்பதும், பள்ளியில் சரியான கேள்வியைக் கேட்பதும் உங்கள் பங்கு. மூன்றுக்கும் ஆங்கிலம் தேவையில்லை.

எந்தப் படியில் நிற்கிறான் என்பதிலிருந்து தொடங்குங்கள். “பாஸ் ஆகிக்கொண்டுதானே வருகிறான்” என்பதை வைத்து முடிவு செய்யாதீர்கள். தமிழ்நாட்டில் எட்டாம் வகுப்பு வரை யாரையும் அதே வகுப்பில் நிறுத்தி வைப்பதில்லை. அது நல்ல ஏற்பாடு, நான் முழுமனதாக ஆதரிக்கிறேன். ஆனால் வகுப்பு ஏறியதாலேயே வாசிக்கத் தெரிந்துவிட்டது என்று ஆகாது. ஹோம் ஒர்க் நோட்டு அழகாக நிரம்பியிருப்பதையும் நம்ப வேண்டாம். டியூஷனில் எழுதிப்போட்டதைப் பார்த்து எழுதுவதற்கு வாசிக்கத் தெரிய வேண்டிய அவசியமே இல்லை. அவன் புத்தகத்தையே கொடுத்துப் படிக்கச் சொல்வதும் ஏமாற்றிவிடும். கேட்டுக் கேட்டு மனப்பாடமான பாடத்தைப் பிள்ளைகள் விரலை வரிமேல் ஓட்டிக்கொண்டே ஒப்பிப்பார்கள்.

பிரதம் என்ற தொண்டு நிறுவனம் 2005 முதல் கிராமங்களில் வீடு வீடாகச் சென்று நடத்திவரும் ‘அசர்’ கணக்கெடுப்பில் ஒரு எளிய முறை உண்டு. எழுத்து, சொல், ஒன்றாம் வகுப்பு அளவிலான சின்னப் பத்தி, இரண்டாம் வகுப்பு அளவிலான குட்டிக் கதை என நான்கு படிகள். பிள்ளை எதுவரை தடையில்லாமல் வாசிக்கிறதோ அதுதான் அதன் இடம். இதை உங்கள் வீட்டிலேயே பார்த்துவிடலாம். சுவரில் தொங்கும் தினசரி காலண்டர் தாளைக் கிழியுங்கள். பல காலண்டர்களில் மேஷம் முதல் மீனம் வரை ராசிக்கு ஒரு சொல் போட்டிருக்கும்: வெற்றி, லாபம், போட்டி, பொறுமை, கவலை. சொல் படிக்கு அது போதும். தாளின் பின்பக்கம் சமையல் குறிப்போ கை வைத்தியமோ இருந்தால் பத்தி படிக்கு ஆயிற்று. கதைக்கு, பக்கத்து வீட்டுப் பிள்ளையின் இரண்டாம் வகுப்புத் தமிழ்ப் புத்தகத்தை வாங்கி, படத்தைக் கையால் மறைத்துக்கொண்டு வாசிக்கச் சொல்லுங்கள். படம் தெரிந்தால் ஊகித்துச் சொல்லிவிடுவான்.

வாசிக்கும்போது எங்கே நிற்கிறான் என்று பாருங்கள். என் அனுபவத்தில் நிறையப் பிள்ளைகள் தடுக்கி விழும் இடம் கொம்பும் இரட்டைக் கொம்பும்தான். ‘கெ’ என்பதில் கொம்பு முதலில் நிற்கும், ஆனால் வாய் முதலில் சொல்வது ‘க்’ ஓசையை. ‘கொ’, ‘கோ’ வந்தால் முன்னால் ஒரு குறி, பின்னால் ஒரு கால். கண் பார்க்கும் வரிசையும் வாய் சொல்லும் வரிசையும் வேறு. ‘கொக்கு’ என்பதைக் ‘கெக்கு’ என்றோ ‘கோக்கு’ என்றோ வாசித்தால் சிக்கல் அங்கேதான். 247 எழுத்தையும் திரும்ப முதலிலிருந்து எழுதவைக்க வேண்டாம். ஒரு மெய்யை எடுத்து ‘ப, பா, பி, பீ’ என்று அந்த வரிசையை மட்டும் ஒரு வாரம் சொற்களோடு பழக்குங்கள்: பெட்டி, பேனா, பை, பொம்மை, போர்வை. அடுத்த வாரம் வேறொரு மெய். ல, ள, ழ குழப்பத்தையும் ர, ற குழப்பத்தையும் இப்போதைக்கு விட்டுவிடுங்கள். அவை நிறைய வாசிக்க வாசிக்கச் சரியாகும்.

அப்புறம் தினப்பழக்கம். உங்களுக்கு இரவு ஒன்பதுக்கு மேல் உடம்பில் தெம்பு இருக்காது, அவனுக்கும் தூக்கம் வரும். அந்த நேரத்தில் புத்தகத்தை எடுத்தால் சண்டையில்தான் முடியும். காலையில் பாருங்கள். அரசுப் பள்ளியில் ஐந்தாம் வகுப்பு வரை காலை உணவுத் திட்டம் இருக்கிறது. அவன் அங்கே சாப்பிட்டால் வீட்டில் டிபன் அவசரம் கொஞ்சம் குறையும். அதில் இருபது நிமிடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். நீங்கள் அடுப்படியில் காய் நறுக்கிக்கொண்டே கேட்கலாம், எதிரே உட்கார வேண்டும் என்றுகூட இல்லை.

ஒன்றிய அளவில் பள்ளிகளுக்கு உதவும் கல்வித் துறை அலுவலகமான வட்டார வள மையத்தில் வேலை பார்த்தபோது ஒரு பாட்டியைச் சந்தித்தேன். அவருக்குக் கையெழுத்துப் போடத் தெரியாது, கைநாட்டுதான். பேத்தி தினமும் காலண்டர் தாளைக் கிழித்து அவருக்கு வாசித்துக் காட்டும். “எஞ்சாமி, இன்னொருக்கா வாசி, காதுல விழுகல” என்பார் பாட்டி. அது மறுபடி வாசிக்கும். பாட்டிக்குக் காது நன்றாகவே கேட்கும். அந்தப் பெண் தடுமாறிய வரி வந்தால்தான் அவருக்குக் காது மந்தமாகும்! அந்தப் பெண்ணைவிட நன்றாக வாசித்த பிள்ளை அந்த வகுப்பில் இல்லை. தப்பைக் குத்திக்காட்டாமல் திரும்ப வாசிக்கவைக்கும் அந்த வித்தையை, பாடம் சொல்லிக்கொடுப்பவனாகிய நான் அவரிடமிருந்துதான் கற்றுக்கொண்டேன்.

நீங்களும் அப்படியே செய்யுங்கள். ஒரே பத்தியை மூன்று நாள் வாசிக்கட்டும். முதல் நாள் திக்கியவன் மூன்றாம் நாள் சரளமாகப் போவான், அந்த வேகத்தை அவனே உணர்வான். ஒரு சொல்லில் நின்றால் மனதுக்குள் ஐந்து எண்ணும்வரை பொறுங்கள். வரவில்லையென்றால் சொல்லைச் சொல்லிவிட்டு மேலே போகவிடுங்கள். “இதுகூடத் தெரியலையா” என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். பயந்த பிள்ளை எழுத்தைப் பார்க்காமல் உங்கள் முகத்தைப் பார்க்க ஆரம்பித்துவிடும். முடித்ததும், “என்ன சொல்லியிருக்கு?” என்று பேச்சுவழக்கில் கேளுங்கள்.

இதில் இன்னொரு விஷயமும் இருக்கிறது. வீட்டில் “போயிட்டான்” என்கிறோம், புத்தகத்தில் “சென்றுவிட்டான்” என்று இருக்கிறது. எழுத்துத் தமிழைக் காதால் கேட்டே பழகாத பிள்ளைக்கு அது பாதி அந்நிய மொழி. அதனால் ஞாயிற்றுக்கிழமை மட்டுமாவது நீங்கள் ஒரு கதையை உரக்க வாசித்துக் காட்டுங்கள். நீங்கள் நன்றாக வாசிப்பேன் என்று எழுதியிருக்கிறீர்கள். அவனுக்குக் கிடைத்திருக்கும் பெரிய வசதி அது. கணவர் வெளியூரில் இருக்கும் நாளில் போனில், “இன்னைக்கு என்ன கதை வாசிச்ச, அப்பாக்குச் சொல்லு” என்று ஐந்து நிமிடம் கேட்டாலே போதும்.

கணக்கைச் சனிக்கிழமை சம்பளத்தன்று பார்த்துவிடலாம். பத்து ரூபாயும் ஒரு ரூபாயுமாகச் சில்லறை எடுத்து, 52-இல் 27 போனால் மீதி எவ்வளவு என்று கேளுங்கள். கடன் வாங்கிக் கழிக்கும்போது பத்து ரூபாயை மாற்றிப் பத்து ஒரு ரூபாயாக வைக்கிறானா என்று பாருங்கள். அது புரியாமல் நோட்டில் எத்தனை கணக்குப் போட்டாலும் நிற்காது.

ஆங்கிலப் பாடம் வந்தால், “இதைத் தமிழில் எனக்குச் சொல்லு” என்று கேளுங்கள். இரண்டு வரி தமிழில் சொல்ல முடிந்தால் புரிந்திருக்கிறது. ஒரு வரிகூட வரவில்லையென்றால் உருப்போட்டிருக்கிறான். இதைக் கண்டுபிடிக்க உங்களுக்கு ஆங்கிலம் தெரிய வேண்டியதில்லை.

இதையெல்லாம் ஒரு வாரம் செய்தபின் பள்ளிக்குப் போங்கள். “பையன் எப்படிப் படிக்கிறான்?” என்று கேட்டால், “இன்னும் நல்லாப் படிக்கணும்” என்ற பதில்தான் வரும். “சொல் வாசிக்கிறான் டீச்சர், பத்தி வந்தால் திக்குகிறான், கொம்பு வரும் எழுத்தில் தடுமாறுகிறான்” என்று நீங்கள் பார்த்ததைச் சொல்லுங்கள். 2022 ஜூனில் ஒன்று முதல் மூன்றாம் வகுப்புகளுக்குத் தொடங்கி, அடுத்த ஆண்டே நான்கு, ஐந்துக்கும் வந்தது ‘எண்ணும் எழுத்தும்’ திட்டம். அதில் பிள்ளைகளை அவர்கள் நிலையைப் பார்த்து அரும்பு, மொட்டு, மலர் என்று பிரிப்பார்கள். “என் பையன் தமிழில் அரும்பா, மொட்டா? கணக்கில்?” என்று கேளுங்கள். அப்படிக் கேட்கும் அம்மாவிடம் டீச்சரும் விவரமாகப் பேசுவார். பொதுவாக எல்லாப் பிள்ளைகளுக்கும் ஒரு குறை இருந்தால், வகுப்பில் ஆசிரியர் பற்றாக்குறை என்று வையுங்கள், அதைப் பள்ளி மேலாண்மைக் குழுவில் எழுப்பலாம். 2009-ஆம் ஆண்டு கல்வி உரிமைச் சட்டப்படி அதன் உறுப்பினர்களில் முக்கால்வாசிப் பேர் பெற்றோர், பாதிப் பேர் பெண்கள். உங்களைப் போன்றவர்களுக்காகவே போட்ட இடம் அது.

பள்ளிக்குப் போகும்போதே, கரும்பலகையைப் பார்க்கக் கண்ணைச் சுருக்குகிறானா, கூப்பிட்டால் உடனே திரும்புகிறானா என்றும் டீச்சரிடம் கேளுங்கள். சந்தேகம் இருந்தால் அரசு மருத்துவமனையில் கண், காது பார்த்துவிடுங்கள். கண்ணாடி இல்லாததால் ‘மக்கு’ என்று பெயர் வாங்கிய பிள்ளைகளைப் பார்த்திருக்கிறேன். இன்றும் மனது ஆறவில்லை. கண்ணும் காதும் சரி, மூன்று மாதம் விடாமல் பழகியும் எழுத்தே பிடிபடவில்லை என்றால், அது டிஸ்லெக்ஸியா போன்ற கற்றல் குறைபாடாக இருக்கலாம். அது சோம்பேறித்தனம் இல்லை, அறிவுக் குறைவும் இல்லை. 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் அதையும் பட்டியலில் சேர்த்திருக்கிறது. பள்ளி மூலமாகவே வட்டார வள மையத்தின் சிறப்பாசிரியரைக் கேளுங்கள்.

டியூஷனை உடனே நிறுத்தச் சொல்லமாட்டேன். நீங்கள் வரும்வரை பையன் பத்திரமாக ஓர் இடத்தில் இருக்கிறான், அதுவும் முக்கியம். அந்த அக்காவிடம், “வாரத்தில் இரண்டு நாள் எழுதவைக்க வேண்டாம், வாசிக்கவையுங்கள்” என்று மட்டும் சொல்லிப் பாருங்கள்.

கடைசியாக, தமிழ் வழி. சின்ன வகுப்புகளில் தாய்மொழியில் படிப்பதே நல்லது என்பது என் உறுதியான எண்ணம். ஒன்றாம் வகுப்பில் கேட்டிருந்தால் யோசிக்காமல் தமிழ் வழி என்றிருப்பேன். இப்போது ஐந்தாவதின் நடுவில் மாற்ற வேண்டாம். பழகிய டீச்சரையும் கூட்டாளிகளையும் ஒரே நாளில் இழப்பான், தண்டனை என்று நினைத்துக்கொள்வான். இந்த ஆண்டைத் தமிழ் வாசிப்புக்கு முழுதாகக் கொடுங்கள். ஏப்ரலில் திரும்ப ஒரு காலண்டர் தாளையும் அதே இரண்டாம் வகுப்புக் கதையையும் எடுத்து வாசிக்கச் சொல்லுங்கள். தமிழ் சரளமாக வந்து, ஆங்கிலப் பாடத்தையும் தமிழில் சொல்ல முடிந்தால் அங்கேயே தொடரட்டும். தமிழ் வந்தும் பாடம் விளங்காமலே இருந்தால், ஆறாம் வகுப்புச் சேர்க்கையின்போது தமிழ் வழியைக் கேளுங்கள். கேட்கும் முன் அவனிடமும் ஒரு வார்த்தை பேசிவிடுங்கள்.